கண்ணைப் பறிக்கும் நிறம் கடைக்காரரைப் பதம் பார்க்கும்



மஞ்சள் தூள் சற்று வெளிறியிருந்தால், "என்ன அண்ணாச்சி, பழைய சரக்கா?" என்று கேட்கும் வாடிக்கையாளர்களை நாம் அனைவரும் அறிவோம். மிளகாய்த்தூள் ரத்தச் சிவப்பாக இருக்க வேண்டும், பச்சைப் பட்டாணி கிளிப்பச்சையாக இருக்க வேண்டும், கேசரி பளபளக்க வேண்டும். அம்பத்தூர், ஆவடி, பூவிருந்தவல்லி வட்டாரத்தில் டீக்கடை, கேண்டீன், பிரியாணிக் கடை, சமையல் காண்டிராக்டர் என்று நம்மிடம் சரக்கெடுப்போர் பலரும் நிறத்தைப் பார்த்தே பொருளை எடைபோடுகிறார்கள். வெளுத்ததெல்லாம் பால் அல்ல என்பது போலவே, சிவந்ததெல்லாம் மிளகாய் அல்ல என்பதை இனி நாம்தான் எடுத்துச் சொல்லியாக வேண்டும். ஏனென்றால், தவறான நிறம் பிடிபடும்போது முதலில் பதில் சொல்ல வேண்டியவர் கல்லாவில் உட்கார்ந்திருப்பவர்தான்.

சாயம் வந்த வழி

ஒரு காலத்தில் நிறங்கள் பெரும்பாலும் செடி, கொடி, மண் ஆகியவற்றிலிருந்தே கிடைத்தன. நமது சோழமண்டலக் கடற்கரை சாயவேரின் சிவப்புக்கும் அவுரியின் நீலத்துக்கும் பெயர் பெற்றது. 1856-இல் லண்டனில் பெர்க்கின் என்ற 18 வயது இளைஞர், மலேரியாவுக்கான கொய்னா மருந்தைத் தயாரிக்க முயன்றபோது, தற்செயலாக ஊதா நிறச் சாயம் ஒன்றைக் கண்டார். அதன் மூலப்பொருள் நிலக்கரித் தார். 1897-இல் ஜெர்மனியில் செயற்கை நீலம் விற்பனைக்கு வந்ததும், அவுரி வியாபாரம் சில ஆண்டுகளில் சரிந்தது. செயற்கைச் சாயம் மலிவு, ஒரு சிட்டிகை போதும். துணிக்கு அது சரி. வயிற்றுக்குள் போகும் பண்டத்துக்கும் அதே கணக்கைப் போட்டதில்தான் தொல்லை தொடங்கியது.

சமீப ஆண்டுகளின் பாடங்கள்

2003-இல் நம் நாட்டிலிருந்து போன மிளகாய்த்தூளில் 'சூடான்' சாயம் இருப்பதைப் பிரான்ஸ் நாட்டினர் கண்டுபிடித்தனர். 2005-இல் இங்கிலாந்தில் நூற்றுக்கணக்கான உணவுப் பொருட்கள் கடைகளிலிருந்து திரும்பப் பெறப்பட்டன. யாரோ ஒருவர் கலந்த சாயத்துக்கு இந்திய மிளகாய் முழுவதும் சந்தேகப் பார்வைக்கு ஆளானது.

2024 பிப்ரவரியில் பஞ்சு மிட்டாயில் ரோடமைன்-பி இருந்ததால் முதலில் புதுச்சேரியிலும், பிறகு தமிழ்நாட்டிலும் தடை வந்தது. அது துணிக்கும் காகிதத்துக்கும் போடும் ரோஸ் நிறச் சாயம். அடுத்த மாதமே கர்நாடகம் கோபி மஞ்சூரியனில் செயற்கை நிறம் சேர்ப்பதைத் தடை செய்தது.

மஞ்சள் விவகாரம் இவற்றைவிடக் கவலை தருவது. கிழங்குக்குப் பளபளப்பு ஏற்ற 'லெட் குரோமேட்' என்ற ஈயக் கலவையைப் பூசும் வழக்கம் சில இடங்களில் உண்டு. 2024-இல் வெளியான ஓர் ஆய்வில் பாட்னா, குவஹாட்டியோடு நமது சென்னையில் எடுத்த மஞ்சளிலும் அனுமதித்த அளவுக்கு மேல் ஈயம் இருந்ததாகச் சொல்லப்பட்டது. குழந்தைகளின் மூளை வளர்ச்சியை ஈயம் கெடுக்கும் என்பது ஐயமின்றி நிரூபிக்கப்பட்ட உண்மை.

இதைத் திருத்த முடியாது என்று சொல்பவர்கள் வங்கதேசத்தைப் பார்க்க வேண்டும். 1980-களில் வெள்ளத்தில் நனைந்து நிறம் கெட்ட மஞ்சளைப் பளிச்சென்று காட்டத் தொடங்கிய பழக்கம் அங்கே வேரூன்றிவிட்டது. 2019-இல் சந்தை மாதிரிகளில் 47 சதவீதத்தில் ஈயக் கலப்படம் இருந்தது. அரசு மொத்த வியாபாரிகளைச் சோதித்து அபராதம் போட்டது, சந்தைகளில் எச்சரிக்கை ஒட்டியது, மக்களுக்கும் எடுத்துச் சொன்னது. 2021-இல் அந்தக் கலப்படம் பூஜ்யமாகிவிட்டது. இரண்டே ஆண்டுகளில் ஒரு நாட்டின் சந்தை சுத்தமாயிற்று. திருத்தம் தொடங்கிய இடம் மொத்தக் கடை என்பதை மொத்த வியாபாரிகளான நாங்கள் மனத்தில் கொள்ள வேண்டும்.

சட்டம் என்ன சொல்கிறது?

உணவுப் பாதுகாப்பு மற்றும் தரநிர்ணயச் சட்டம், 2006, நடைமுறைக்கு வந்தது 2011 ஆகஸ்டு 5-இல். அதன் விதிகளின்படி மஞ்சள் தூள், மிளகாய்த்தூளில் எந்த நிறமும் சேர்க்கக் கூடாது. இனிப்பு, ஐஸ்கிரீம், பிஸ்கட் போன்ற குறிப்பிட்ட சில பண்டங்களில் மட்டும் அனுமதிக்கப்பட்ட செயற்கை நிறங்களைச் சேர்க்கலாம்; அதுவும் 100 பிபிஎம் அளவுக்குள், அதாவது 10 கிலோ பண்டத்துக்கு ஒரு கிராம். பஜ்ஜி, பிரியாணி, சிக்கன் 65 அந்தப் பட்டியலில் இல்லை.

நமக்கு முக்கியமான விதி ஒன்று உண்டு. சரக்கு எந்தத் தயாரிப்பாளரிடமிருந்து, எந்த விநியோகஸ்தரிடமிருந்து வந்தது என்று காட்ட முடியாவிட்டால் விற்றவரே பொறுப்பு. அதே சட்டம், விற்பவர் கொடுக்கும் பில்லையே தரத்துக்கான உத்தரவாதமாகக் கருதுகிறது. ஆகவே, 'பில் வேண்டாம், கிலோவுக்கு ஐந்து ரூபாய் குறைத்துக்கொள்ளுங்கள்' என்று வாங்கும் சரக்கு, ஐந்து ரூபாய்க்கு நம் பாதுகாப்பை விற்பதற்குச் சமம்.

இயற்கை நிறத்தின் பலமும் பலவீனமும்

மஞ்சளின் குர்குமின், குங்குமப்பூ, பீட்டா கரோட்டின், பச்சையம், அன்னாட்டோ விதை, கேரமல் ஆகியவை சட்டம் அனுமதிக்கும் நிறங்கள். காரம் குறைவாகவும் நிறம் கூடுதலாகவும் கேட்பவருக்கு பேடிகி, காஷ்மீரி மிளகாய் இருக்கின்றன. கேசரிக்கும் லட்டுக்கும் மஞ்சளும் குங்குமப்பூவும் போதும்.

குறைகளையும் மறைக்காமல் சொல்லி விற்க வேண்டும். இயற்கை நிறம் விலை கூடுதல். மஞ்சளின் நிறம் வெயிலில் மங்கும். எனவே கடை வாசலில் கண்ணாடி ஜாடியில் அடுக்காமல், காற்றுப் புகாத டப்பாவில் நிழலில் வைப்பது நல்லது. பீட்ரூட் சிவப்பு அதிகச் சூட்டில் பழுப்பாகும். கடைசியில் சேர்க்கச் சொல்லுங்கள். மஞ்சளில் சுண்ணாம்பு பட்டால் சிவக்கும் என்பது ஆரத்தி கரைப்பவர்களுக்குத் தெரியும். ஆப்பசோடா போட்ட பஜ்ஜி மாவும் அப்படியே சிவக்கும். விஷயம் தெரியாத டீக்கடைக்காரர் நம் மஞ்சளைக் குறை சொல்வதற்கு முன் நாமே இதைச் சொல்லிவிடலாம்.

கடையில் செய்ய வேண்டியவை

1. மஞ்சளைக் கிழங்காக வாங்கி அரைப்பதே உத்தமம். ஒரு கண்ணாடித் தம்ளர் தண்ணீரில் கிழங்கைப் போடுங்கள். உடனே தண்ணீர் மஞ்சளானால் அது பூச்சு. தூளான பிறகு இதைக் கண்டுபிடிப்பது கடினம்.

2. மிளகாய்த்தூளைத் தண்ணீர் மீது தூவினால் சாயம் கோடு கோடாக இறங்கும். ஆனால் சூடான் சாயம் தண்ணீரில் கரையாது, எண்ணெயில்தான் கரையும். ஆகவே இந்தச் சோதனை ஒன்றையே நம்பிவிடக் கூடாது. முடிவு சொல்வது பரிசோதனைக் கூடமே.

3. பச்சைப் பட்டாணியை அரை மணி நேரம் ஊறவையுங்கள். தண்ணீர் பச்சையானால் சரக்கைத் திருப்பி அனுப்புங்கள்.

4. கலர் பாக்கெட்டில் நிறத்தின் பெயர், தயாரிப்பாளர் முகவரி, 14 இலக்க உரிம எண் இல்லையென்றால் வாங்காதீர்கள். பொட்டலமாகப் பிரித்து விற்கவே வேண்டாம்.

5. கோலக் கலர்ப்பொடி, பூஜை மஞ்சள், குங்குமம் ஆகியவற்றை மளிகைச் சாமான் தட்டில் வைக்காதீர்கள். 'சமையலுக்கு அல்ல' என்று எழுதி ஒட்டுங்கள்.

கூட்டாகச் செய்யலாம்

ஒவ்வொரு சிறு கடையும் தனித்தனியே சரக்கைப் பரிசோதிப்பது ஆகாத காரியம். ஆனால் ஒரே மொத்தக் கடையிலிருந்து இருபது பேர் ஒரே லாட் மஞ்சளை எடுக்கும்போது, அந்த லாட்டுக்கு ஒரு மாதிரி அனுப்பினால் செலவு இருபது பங்காகிவிடும். சங்கம் முன்னின்று, தை, ஆடி, ஐப்பசி ஆகிய மூன்று மாதங்களின் பெரிய கொள்முதலுக்காவது இந்த ஏற்பாட்டைச் செய்ய வேண்டும் என்பது எங்கள் யோசனை. அங்கீகாரம் பெற்ற கூடத்தின் அறிக்கை நகலைக் கடையில் ஒட்டிவைத்தால், "ஏன் அண்ணாச்சி, பக்கத்துக் கடை மஞ்சள் இதைவிடப் பளிச்சென்று இருக்கிறதே?" என்று கேட்பவருக்கு அதுவே பதில்.

அடுத்த பொதுக்குழுவில் இதைப் பற்றி உறுப்பினர்கள் தங்கள் கருத்தைச் சொல்ல வேண்டுகிறோம். மொத்தக் கடைக்காரர்கள் பில்லோடும் பரிசோதனை அறிக்கையோடும் சரக்கைக் கொடுக்கட்டும். சில்லறைக் கடைக்காரர்கள் அவற்றைக் கேட்டு வாங்கட்டும். இரண்டு பக்கமும் ஒத்துழைத்தால் வரும் பொங்கலுக்கே தொடங்கிவிடலாம்.