தொடர்களைப் பதிவிறக்கிப் பார்க்கலாமா?



"ஃபாதர், சீரியல் டவுன்லோடு செய்து பார்ப்பது பாவமா?" அன்பியக் கூட்டங்களில் இளைஞர்கள் இப்படிக் கேட்பதுண்டு. பதிவிறக்கம் செய்வதில் தவறேதும் இல்லை. யாரிடமிருந்து, யாருடைய அனுமதியோடு எடுக்கிறோம் என்பதே கேள்வி.

2023 ஜனவரியில் ஜீ5 தளத்தில் வெளியான 'அயலி' தொடரை எடுத்துக்கொள்வோம். பெண்பிள்ளைகளின் படிப்பைப் பற்றிய எட்டுப் பகுதிகள். பெற்றோரும் பிள்ளைகளும் சேர்ந்து பார்த்துப் பேச வேண்டிய தொடர் என்பேன். இத்தகைய தளங்களில் சந்தா செலுத்தியவர், செயலியில் உள்ள பதிவிறக்கக் குறியை அழுத்தினால், அந்தப் பகுதி கைபேசியில் சேமிக்கப்படும். வேளாங்கண்ணிக்கு ரயில் ஏறும்முன் வீட்டிலேயே இறக்கிக்கொண்டால், வழியில் இணையம் இல்லாமலே பார்க்கலாம். நெட்பிளிக்ஸ் இந்த வசதியை 2016 நவம்பரில் கொண்டுவந்தது.

இப்படிச் சேமித்த பகுதி அந்தச் செயலிக்குள் மட்டுமே திறக்கும். குறிப்பிட்ட நாள்கள் கழிந்தாலோ சந்தா முடிந்தாலோ பார்க்க முடியாது. 'பணம் கட்டியும் நம் கையில் இல்லையே' என்று சிலர் குறைப்படுகிறார்கள். நூலகத்தில் எடுத்த புத்தகத்தைத் திருப்பித் தருகிறோம் அல்லவா, அதுபோலத்தான் இதுவும். நாம் செலுத்துவது விலை அன்று, வாடகை.

சந்தா கட்ட இயலாதவர்களுக்கும் நேர்மையான வழி உண்டு. இயேசுவின் வாழ்வைச் சொல்லும் 'தி சோசன்' தொடரின் முதல் பருவம் 2019இல் வெளிவந்தது. ஆயிரக்கணக்கானோர் தங்களால் இயன்ற தொகையைப் போட்டு உருவான தொடர் அது. அதன் சொந்தச் செயலியில் கட்டணமின்றியே காணலாம். தொலைக்காட்சி நிறுவனங்கள் தங்கள் யூடியூப் பக்கங்களில் தாங்களே வெளியிடும் தொடர்களும் ஏராளம்.

இனி டொரன்ட் முறைக்கு வருவோம். இதைப் பயன்படுத்துகிற பலருக்கும் அது இயங்கும் விதம் தெரிவதில்லை. ஒரு தொடர் சிறு சிறு துண்டுகளாக நம் கணினிக்கு வந்து சேரும்போதே, வந்த துண்டுகளை நம் கணினி முன்பின் தெரியாத பிறருக்கு அனுப்பிக்கொண்டும் இருக்கும். பார்ப்பவராக மட்டும் இருக்க நினைத்தவர், தம்மை அறியாமலே விநியோகிப்பவராகிவிடுகிறார். சட்டத்தின் பார்வையில் இந்த வேறுபாடு முக்கியமானது. அனுமதியற்ற நகலை வெறுமனே பார்ப்பது குற்றமன்று, அதைப் பரப்புவதும் பொதுவில் திரையிடுவதுமே குற்றம் என்று மும்பை உயர்நீதிமன்றம் 2016இல் தெளிவுபடுத்தியது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 63ஆம் பிரிவின்படி, தெரிந்தே பதிப்புரிமையை மீறுவோருக்கு 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கிறது. வணிக நோக்கம் இல்லாதபோது நீதிமன்றம் தண்டனையைக் குறைக்கலாம்.

பங்கு மண்டபத்தில் தொடர்களைத் திரையிட விரும்பும் இளைஞர் இயக்கத்தினரும் இதைக் கவனிக்க வேண்டும். வீட்டுச் சந்தா வீட்டாருக்கு உரியது. மண்டபத்திற்கு உரிமையாளரின் அனுமதியைத் தனியே பெறவேண்டும்.

சட்டம் பிடிக்காவிட்டால் சரியாகிவிடுமா? உரிமையாளரின் நியாயமான விருப்பத்திற்கு மாறாக அவர் உடைமையை எடுப்பதைக் கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி (எண் 2408) திருட்டு என்றே சொல்கிறது. 'பெரிய கம்பெனிக்கு என்ன நஷ்டம்?' என்பார்கள். விளக்குப் பிடித்தவருக்கும் ஒப்பனை செய்தவருக்கும் கூலி முன்பே கொடுத்தாயிற்று என்பது உண்மைதான். ஆனால் போட்ட பணம் திரும்பாவிட்டால் அடுத்த தொடர் எடுக்கப்படாது. அப்போது வேலை இழப்பவர்கள் அவர்களே.

எனக்கு இதைவிடப் பெரிய கவலை ஒன்று உண்டு. இலவசத் தளங்களில் 'டவுன்லோடு' என்று நான்கைந்து பொத்தான்கள் இருக்கும். அவற்றில் பல விளம்பரமோ வலையோதான். வீடியோ கோப்பின் பெயர் 'எம்பி4' அல்லது 'எம்கேவி' என்று முடிவது வழக்கம். 'ஏபிகே' என்றோ 'எக்ஸ்இ' என்றோ முடிந்தால் அது வீடியோவே அன்று. கருவிக்குள் நிறுவப்படும் ஒரு நிரல். அது குறுஞ்செய்திகளைப் படிக்க அனுமதி கேட்கும். கொடுத்துவிட்டால், வங்கி அனுப்பும் ஓடிபி எண் மோசடிக்காரர் கைக்குப் போகும். நம் வீடுகளில் பிள்ளைகள் தொடர் பார்ப்பது பெரும்பாலும் அம்மாவின் கைபேசியில். மகளிர் குழுக் கடன் வந்து சேரும் கணக்கும் அதே எண்ணோடுதான் இணைந்திருக்கிறது.

ஆகவே பிளே ஸ்டோர், ஆப் ஸ்டோர் தவிர வேறெங்கிருந்தும், வாட்ஸ்அப்பிலும் டெலிகிராமிலும் வரும் இணைப்புகளிலிருந்தும், செயலிகளை நிறுவாதீர்கள். தெரியாமல் நிறுவி, பணம் போய்விட்டதாகத் தெரிந்தால், பிள்ளையைத் திட்டுவதில் நேரத்தைக் கழிக்க வேண்டாம். கைபேசியின் இணையத்தைத் துண்டித்துவிட்டு, வேறொரு கைபேசியிலிருந்து உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணையும் உங்கள் வங்கியையும் அழையுங்கள். விரைவாகச் சொன்னால், பணம் அடுத்த கணக்குகளுக்கு மாறும்முன் முடக்கிவைக்க வாய்ப்புண்டு.