பஃப்ஸ் செய்ய பேக்கரி மாஸ்டர்தான் வரணுமா?

முறுக்கு, அதிரசம், சோமாசி என்று எதையும் விட்டு வைக்காத நாம், பஃப்ஸ் என்றதும் மட்டும் பர்ஸை எடுத்துக் கொண்டு பேக்கரிக்குக் கிளம்பி விடுகிறோம். "அதெல்லாம் மெஷின்ல செய்யறது", "அதுக்குப் பெரிய அடுப்பு வேணும்" என்று நாமே முடிவு கட்டி வைத்திருக்கிறோம். இரண்டுமே தேவையில்லை. ஒரு ஃப்ரிட்ஜ், ஒரு சின்ன ஓவன், கொஞ்சம் பொறுமை... இவ்வளவு இருந்தால் போதும்.

என் கணவர் வேலை பார்த்த கடையில் ஆட்களைக் குறைத்தபோது, இரண்டு பிள்ளைகளின் ஸ்கூல் ஃபீஸ் கண் முன்னால் வந்து நின்றது. பத்தாவது வரை படித்த எனக்குக் கைவசம் இருந்த தொழில் சமையல்தான். முறுக்கு சுட்டு விற்க எங்கள் தெருவிலேயே நாலு பேர் உண்டு. பஃப்ஸ் போட ஒருவரும் இல்லை. எதிர் வீட்டில், பேக்கரி மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்ற அண்ணாச்சி இருக்கிறார். அவரிடம் போய்க் கேட்டேன். "இதுல ரகசியமே இல்ல தாயி... வெண்ணெய் உருகக் கூடாது, மாவு முறுக்கேறக் கூடாது. அம்புட்டுதான்!" என்றார்.

அந்த ஒரு வரியில் எல்லாமே அடக்கம். பரோட்டாவுக்கு மாவை அடித்துப் பிசைந்தால்தான் இழுவை வரும். பஃப்ஸுக்கு நேர் எதிர். பிசையப் பிசைய மாவு ரப்பர் மாதிரி ஆகி விடும். சோமாசிக்கு நெய்யை மாவில் பிசிறுகிறோமே, அதில் மாவு பொறுபொறு என்று உதிரும். ஆனால் அடுக்கு வராது. காரணம், நெய்யில் தண்ணீர் கிடையாது. வெண்ணெயில் நூற்றுக்குப் பதினாறு பங்கு அளவு தண்ணீர் இருக்கிறது. மாவுக்கு நடுவே தகடு தகடாக நிற்கும் வெண்ணெய், ஓவன் சூட்டில் உருகும்போது அந்தத் தண்ணீர் ஆவியாகி, மாவை மேலே தூக்குகிறது. அதுதான் அடுக்கு! வெண்ணெய் முன்னாலேயே உருகி மாவோடு கலந்து விட்டால், தூக்குவதற்கு எதுவும் இருக்காது.

தேவை: மைதா 250 கிராம், கடையில் கட்டியாக விற்கும் உப்பு வெண்ணெய் 160 கிராம், ஐஸ் தண்ணீர் சுமார் 110 மில்லி, எலுமிச்சை சாறு 1 டீஸ்பூன். வெண்ணெயிலேயே உப்பு இருப்பதால், மாவுக்கு ஒரு சிட்டிகை போதும். வீட்டில் கடைந்த வெண்ணெய் இதற்குச் சரிப்படாது. அதில் மோர்த் தண்ணீர் கூடுதலாக இருக்கும்.

செய்முறை: வெண்ணெயைக் கொண்டைக்கடலையை விடக் கொஞ்சம் பெரிய துண்டுகளாக நறுக்கி, 20 நிமிடம் ஃப்ரீசரில் வைக்கவும். மைதாவையும் ஃப்ரிட்ஜில் வைத்து விடுங்கள். பிறகு மைதாவில் துண்டுகளைப் போட்டுப் பிரட்டி, எலுமிச்சை சாறு கலந்த ஐஸ் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெளித்து, விரல் நுனியால் சேர்த்துப் பிடிக்கவும். உள்ளங்கை படவே கூடாது. அதில்தான் சூடு அதிகம். மாவு பார்க்கத் திட்டுத் திட்டாக, அசிங்கமாகத்தான் இருக்கும். பயப்படாதீர்கள். பிளாஸ்டிக் கவரில் சுற்றி அரை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைக்கவும்.

பிறகு நீள சதுரமாகத் தேய்த்து, இன்லண்ட் லெட்டரை மடிப்பது போல் மூன்றாக மடிக்கவும். மடித்ததைப் பக்கவாட்டில் திருப்பி, மறுபடி தேய்த்து மூன்றாக மடிக்கவும். இப்போது அரை மணி நேரம் ஃப்ரிட்ஜ். அதற்குப் பிறகு இதே போல் இன்னும் இரண்டு தடவை மடித்து, மறுபடி அரை மணி ஃப்ரிட்ஜ். நான்கு மடிப்புக்கு 3 x 3 x 3 x 3... ஆக 81 அடுக்கு! இதைக் கணக்குப் போட்டுச் சொன்னது ஏழாவது படிக்கும் என் மகள்.

கடைசியில் 40 சென்டி மீட்டர் நீளம், 30 சென்டி மீட்டர் அகலம் வரும்படி தேய்த்து, ஸ்கேல் வைத்து வெட்டினால் 12 சதுரம் கிடைக்கும். நல்ல கூரான கத்தியால் ஒரே அழுத்தாக வெட்டுங்கள். மொட்டைக் கத்தியால் இழுத்தால் ஓரம் நசுங்கி ஒட்டிக் கொள்ளும். நன்கு ஆறிய, தண்ணீர் இல்லாத உருளைக்கிழங்கு மசாலாவை வைத்து மடித்து, மேலே மட்டும் பால் தடவவும். வெட்டிய ஓரத்தில் பால் வழிந்தால் அடுக்கு பிரியாது. முன்கூட்டியே சூடாக்கிய ஓவனில் 200 டிகிரியில் 15 நிமிடம், பிறகு 180 டிகிரியில் 10 நிமிடம். இடையில் கதவைத் திறந்து எட்டிப் பார்க்க வேண்டாம்.

தட்டில் வெண்ணெய் குளம் கட்டினால், ஓவன் சூடு போதவில்லை அல்லது மாவு குளிர்ச்சியாக இல்லை என்று அர்த்தம். சுருங்கிப் போனால், மாவுக்கு ஓய்வு போதவில்லை. அடி நொசநொசத்தால், மசாலாவில் ஈரம்.

எங்கள் தூத்துக்குடி வெயிலைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். அதனால் விடியற்காலை நாலரை மணிக்கே தேய்க்க உட்கார்ந்து விடுவேன். கிரானைட் மேடை மேல் ஐஸ் தட்டைக் கொஞ்ச நேரம் வைத்து, ஈரத்தைத் துடைத்து விட்டுத் தேய்ப்பேன். கட்டையில் மாவு ஒட்ட ஆரம்பித்தால், அது "போதும், என்னை ஃப்ரிட்ஜில் வை" என்று சொல்வதாக அர்த்தம்!

"டால்டா போட்டால் செலவு குறையுமே?" என்று சிலர் கேட்கிறார்கள். பஃப்ஸுக்கென்றே வரும் மார்ஜரின் வெயிலைத் தாங்கும், வேலை சுலபம். ஆனால் நம் உடல் சூட்டிலும் முழுக்க உருகாமல் அண்ணத்தில் ஒட்டும். வனஸ்பதி, எண்ணெய் வகைகளில் டிரான்ஸ் கொழுப்பு 2 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று 2022 ஜனவரி முதல் மத்திய அரசின் உணவுப் பாதுகாப்பு ஆணையம் கட்டுப்பாடு வைத்திருக்கிறது. என்றாலும், எனக்கு மனசு கேட்பதில்லை, வெண்ணெய்தான் போடுகிறேன். அதற்காக வெண்ணெய் பஃப்ஸைத் தினமும் சாப்பிடலாம் என்று நினைக்காதீர்கள். இருதயக் கோளாறு உள்ள என் மாமனாருக்கு மாதம் ஒன்று, அதிலும் பாதிதான்!

இப்போது சனிக்கிழமைகளில் நாற்பது பஃப்ஸ் வரை ஆர்டர் வருகிறது. பேக்கரி விலையை விட ஐந்து ரூபாய் கூடுதலாகத்தான் விற்கிறேன். முகம் சுளிக்காமல் வாங்குகிறார்கள். வெண்ணெய், கரண்ட் செலவெல்லாம் போக, மகளின் டியூஷன் ஃபீஸ் இதில் கட்டுகிறேன். என் கணவருக்கு வேறு வேலை கிடைத்து விட்டது. "இனிமே எதுக்கு இந்தக் கஷ்டம்? விட்டுடேன்" என்றார். "உங்க சம்பளம் வீட்டுக்கு... இது எனக்கு" என்று சொல்லி விட்டேன். இப்போது வெள்ளிக்கிழமை ராத்திரி உருளைக்கிழங்கு தோல் உரித்துக் கொடுப்பது அவர்தான்!

முதலில் 125 கிராம் மாவில் ஆரம்பியுங்கள் தோழிகளே. மீந்த மாவை ஃப்ரீசரில் ஒரு மாதம் வரை வைக்கலாம். முதல் நாள் ராத்திரியே கீழ்த் தட்டுக்கு மாற்றினால் காலையில் பதமாக இருக்கும். அவசரப்படாதீர்கள், அழுத்திப் பிசையாதீர்கள். மாவு தன்னால் பூத்து வரும்!

– ஒரு வாசகி, தூத்துக்குடி.