மழையில் ஒரு குரௌடான்

கெலாங் பாத்தாவில் பிற்பகல் வெயில் மங்கிச் சட்டென்று மழை பிடித்துக்கொள்வது புதிதல்ல. அப்படி ஒரு மாலையில், பட்டணத்துக் கடைவரிசையின் ஐந்தடியில் நான்கு மாணவர்கள் ஒதுங்கி நிற்பதாக வைத்துக்கொள்வோம். நால்வர் கையிலும் திறன்பேசி. திரையில், எரிமலைப் பாறையைச் செதுக்கியது போன்ற உடலுடன் குரௌடான் என்னும் பெருவிலங்கு நிற்கிறது. ‘போக்கிமோன் கோ’ விளையாட்டில் அது ஐந்து நட்சத்திரத் தலைவன். நாற்பத்தைந்து நிமிடம் மட்டுமே அந்த இடத்தில் இருக்கும், பிறகு மறைந்துவிடும். ஆளுக்கு அன்றைய இலவச நுழைவுச்சீட்டு ஒன்றுதான் இருக்கிறது. நால்வரால் அதை வீழ்த்த முடியுமா?

முடியும். ஆனால், யாரிடம் வலிமையான விலங்குகள் இருக்கின்றன என்பதைவிட, யார் எந்த ஆறு விலங்குகளைத் தெரிந்தெடுக்கிறார்கள் என்பதே விடையைத் தீர்மானிக்கும்.

போக்கிமோனை உருவாக்கிய சதோஷி தஜிரி சிறுவயதில் பூச்சிகளைப் பிடித்துச் சேகரிப்பதில் பெரும் ஆர்வம் கொண்டவர். அந்த ஆர்வமே 1996ஆம் ஆண்டு பிப்ரவரி 27ஆம் நாள் ஜப்பானில் வெளிவந்த முதல் போக்கிமோன் விளையாட்டின் விதை. இருபது ஆண்டுகளுக்குப் பின்னர், 2016இல் ‘போக்கிமோன் கோ’ திறன்பேசிக்கு வந்தது. அவ்வாண்டு ஆகஸ்டு 6ஆம் நாள் மலேசியாவிலும் அது அறிமுகமானது. வீட்டில் உட்கார்ந்து ஆடும் விளையாட்டன்று இது; நடந்து போய், உண்மையான தெருவிலும் பூங்காவிலும் விலங்குகளைத் தேட வேண்டும். பலர் ஓரிடத்தில் கூடி ஒரு தலைவனை எதிர்க்கும் ‘ரெய்டு’ 2017இல் சேர்க்கப்பட்டது. குரௌடான் அவ்வாண்டு டிசம்பரில் அதில் தோன்றியது. நாம் நிற்கும் இடத்தின் வானிலையைப் போரில் சேர்த்துக்கொள்ளும் முறையும் அதே மாதத்தில்தான் வந்தது.

முதலில் ‘வகை’ என்பதைப் புரிந்துகொள்ள வேண்டும். ஒன் டூ ஜுஸ் ஆடாத மலேசியப் பிள்ளை இருக்க முடியாது. கல் பறவையை வீழ்த்தும். பறவை நீரைக் குடிக்கும். நீர் கல்லை மூழ்கடிக்கும். அங்கு மூன்று கைச்சைகைகள். போக்கிமோனில் நீர், நெருப்பு, புல், மின்சாரம், நிலம், பாறை, பறவை எனப் பதினெட்டு வகைகள். ஒவ்வொரு தாக்குதலுக்கும் ஒரு வகை உண்டு. அதை வாங்கிக்கொள்ளும் விலங்குக்கும் ஒன்றோ இரண்டோ வகைகள் உண்டு. தாக்குதலின் வகை எதிரியின் வகையை வெல்லக்கூடியது என்றால் சேதம் 1.6 மடங்காகும். எதிரி அதைத் தாங்கக்கூடியது என்றால் 0.625 மடங்காகக் குறையும். அறவே ஒட்டாத வகையாக இருந்தால் ஏறத்தாழ 0.39 மடங்குதான்.

இதனுடன் இன்னும் இரண்டு பெருக்கங்கள் உள்ளன. தன் வகையைச் சேர்ந்த தாக்குதலையே ஒரு விலங்கு பயன்படுத்தினால் 1.2 மடங்கு. அந்தத் தாக்குதலுக்கு ஏற்ற வானிலை நிலவினால் மற்றுமொரு 1.2 மடங்கு. மழை நீரையும் மின்சாரத்தையும் பூச்சி வகையையும் தூக்கிவிடும். வெயில் நெருப்பையும் புல்லையும் நிலத்தையும் தூக்கிவிடும்.

குரௌடான் நில வகையைச் சேர்ந்தது. நீர், புல், பனிக்கட்டி ஆகிய மூன்றும் அதை வெல்லும். மின்சாரம் அதனிடம் எடுபடாது. இங்கேதான் புதிதாக ஆடுகிறவர்கள் தடுக்கி விழுகிறார்கள். “மழை பெய்கிறது, மழையில் மின்சாரம் கூடும், ஆகவே சாப்டோஸைக் கொண்டுவருகிறேன்,” என்பார்கள். சாப்டோஸ் புகழ்பெற்ற மின்சாரப் பறவை, பார்க்கவும் கம்பீரமானது. ஆனால், கணக்கு வேறு சொல்கிறது. தன் வகைக்கு 1.2, மழைக்கு 1.2, நிலத்தின்மீது 0.39. பெருக்கிப் பார்த்தால் 0.56. அதாவது, பாதியைச் சற்றே தாண்டுகிறது. அதே மழையில் ஒரு நீர் விலங்கு 1.2, 1.2, 1.6 எனப் பெருக்கி 2.3 மடங்கைத் தரும். இரண்டுக்கும் இடையே நான்கு மடங்கு வேறுபாடு! மழையை மட்டும் பார்த்து எதிரியைப் பார்க்காததால் வரும் பிழை இது.

இப்போது நேரத்தைக் கணக்கில் எடுப்போம். ஐந்து நட்சத்திரத் தலைவனின் உயிர்ப்புள்ளி 15,000. போருக்குக் கிடைக்கும் நேரம் 300 வினாடி. வகுத்தால், எல்லாரும் சேர்ந்து வினாடிக்கு 50 புள்ளியைக் குறைத்தாக வேண்டும். இதுதான் அன்றைய இலக்கு. எந்தப் பெருக்கமும் இல்லாமல் நம் மாணவர் ஒருவரின் அணி வினாடிக்கு 6 புள்ளி குறைக்கும் என்று எளிமைக்காக வைத்துக்கொள்வோம். நால்வரும் மழையில் நீர் விலங்குகளைக் கொண்டுவந்தால், ஆளுக்கு 13.8; மொத்தம் 55. தலைவன் ஏறத்தாழ 271 வினாடியில் வீழ்வான். ஏறக்குறைய அரை நிமிடம் மிச்சம். ஆறு விலங்குகளும் மயங்கிவிட்டால் வெளியே வந்து, அவற்றுக்கு மருந்து கொடுத்து, மீண்டும் நுழைய வேண்டியிருக்கும். அதற்குள்ளும் கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும். அந்த அரை நிமிடம் அதற்குத் தேவை.

மழை இல்லையென்றால்? அதே நால்வர், அதே விலங்குகள். ஆளுக்கு 11.5, மொத்தம் 46. முந்நூறு வினாடியில் 13,800 புள்ளியே குறையும். தலைவன் 1,200 புள்ளியோடு நின்றுகொண்டிருப்பான். மழை இருந்தும் நால்வரில் ஒருவர் மட்டும் மின்சார அணியைக் கொண்டுவந்தால்? மூவர் 41.5, நான்காமவர் 3.4, மொத்தம் 45கூட இல்லை. மழையே பெய்யாததைவிட இது மோசம். ஒருவரின் தெரிவு மற்ற மூவரின் நுழைவுச்சீட்டையும் இழக்கச் செய்யக்கூடும் என்பதால்தான், காத்திருப்பு அறையில் கிடைக்கும் இரண்டு நிமிடத்தில் அனுபவசாலிகள் ஒருவர் திரையை ஒருவர் எட்டிப் பார்த்துக்கொள்கிறார்கள்.

அடிப்பது பாதி வேலை. அடி தாங்குவது மறுபாதி. செப்பாக் தக்ராவ் அணியில் மூவருமே தாவி அடிப்பவர்களாக இருந்தால் பந்தைத் தூக்கிக் கொடுப்பதற்கு ஆள் இருக்காது. இங்கும் அப்படியே.

குரௌடானிடம் இருக்கக்கூடிய பெரிய தாக்குதல்களில் மூன்றைப் பார்ப்போம்: நிலநடுக்கம், தீப்பிழம்பு, சூரியக்கதிர். ஒரு ரெய்டில் அவற்றுள் ஒன்று மட்டுமே வரும். எது வரும் என்பது போர் தொடங்கும்வரை தெரியாது. நிலநடுக்கம் வந்தால் நீர் விலங்குகள் சாதாரணமாகத் தாங்கும். தீப்பிழம்பு வந்தால் நீர் அதை இன்னும் எளிதாகத் தாங்கும். சூரியக்கதிர்தான் சூழ்ச்சியானது. அது புல் வகைத் தாக்குதல், நீரை வெல்லும். தன்னை வெல்ல வரும் நீருக்கென்றே குரௌடான் ஒளித்து வைத்திருக்கும் ஆயுதம் அது.

இந்த நிலையில் சுவாம்பெர்ட்டைப் பாருங்கள். நீரும் நிலமும் கலந்தது. நீர்த் தாக்குதலில் மிகச் சிறந்தவற்றுள் ஒன்று. ஆனால், நீர், நிலம் ஆகிய இரண்டு வகைகளுமே புல்லுக்குத் தோற்பவை. ஆகவே, சூரியக்கதிர் அதன்மீது 1.6ஐ 1.6ஆல் பெருக்கிய 2.56 மடங்காக விழும். ஒரே கதிரில் சுருண்டுவிடலாம்.

இதற்கு மாறானது கியாரடோஸ். நீரும் பறவையும் கலந்த கடல்நாகம் போன்ற விலங்கு. நிலவகைத் தாக்குதல் பறவையைத் தொடாது. எனவே நிலநடுக்கத்தின் சேதம் ஐந்தில் இரண்டு பங்குக்கும் கீழே இறங்கிவிடும். நெருப்பை அதன் நீர் தாங்கும். சூரியக்கதிர் நீரை வென்றாலும் பறவை அதைத் தாங்குவதால் இரண்டும் ஒன்றையொன்று சமன்செய்துவிடும். மூன்றில் எது வந்தாலும் நிற்கக்கூடிய இந்த விலங்கு, விளையாட்டிலேயே மிகவும் பலவீனமான மேஜிகார்ப் என்னும் மீனிலிருந்து வளர்கிறது. துள்ளுவதைத் தவிர அந்த மீனுக்குப் பெரிதாக ஒன்றும் தெரியாது. அதை வளர்க்க 400 மிட்டாய்கள் வேண்டும். ஒரு மீனைப் பிடித்தால் மூன்று, அனுப்பிவிட்டால் ஒன்று. ஆகவே ஏறத்தாழ நூறு மீன்களைப் பிடிக்க வேண்டும். நீர்நிலைகளின் அருகே நீர் வகை விலங்குகள் கூடுதலாகத் தோன்றும் என்பதால், ஆற்றங்கரைக்கும் கடலோரத்துக்கும் நடந்து போகும் பழக்கம் உள்ளவர்களுக்கு இது அவ்வளவு கடினமில்லை. பல வாரம் யாரும் மதிக்காத மீன்களைச் சேர்த்தவருக்குத்தான் அன்றைய மாலையில் மதிப்பு.

நல்ல வேளையாக, முதல் முயற்சியில் தோற்றால் எல்லாம் முடிந்துவிடுவதில்லை. ரெய்டின் நேரம் இருக்கும்வரை அதே நுழைவுச்சீட்டில் மீண்டும் முயலலாம். தலைவனின் தாக்குதலும் மாறாது. ஆகவே, முதல் முறை எது வருகிறது என்று பார்த்துவிட்டு, அணியை மாற்றிக்கொண்டு இரண்டாம் முறை நுழையலாம். சூரியக்கதிர் வந்தால் சுவாம்பெர்ட்டைப் பின்னுக்குத் தள்ளிக் கியாரடோஸை முன்னே நிறுத்தலாம். செப்டைல் போன்ற புல் விலங்கையும் சேர்க்கலாம்; அது நிலத்தையும் புல்லையும் தாங்கும், நெருப்புக்கு மட்டும் அஞ்சும். ஆனால், மழை புல்லைத் தூக்கிவிடாது என்பதால் வேகம் குறையும். எத்தனை செப்டைல் என்பதை நால்வரும் பேசித்தான் முடிவுசெய்ய வேண்டும். விளையாட்டே ஆறு பெயரைப் பரிந்துரைக்கும். அதை அப்படியே ஏற்றுக்கொள்ள வேண்டியதில்லை. மேலே எழுதியிருக்கும் போர்த்திறன் எண்ணைப் பார்த்து மயங்கவும் வேண்டாம். டைரானிட்டரின் எண் மிகப் பெரியதாக இருக்கும். ஆனால், அதன் உடலில் பாறை வகை இருப்பதால் நிலநடுக்கம் அதை எளிதில் சாய்த்துவிடும்.

இன்னொன்றும் உண்டு. குரௌடானை வெயிலில் எதிர்த்தால் அதன் நிலத் தாக்குதல் 1.2 மடங்காகும், தீப்பிழம்பும் சூரியக்கதிரும் அவ்வாறே. மழையில் இவற்றுள் எதுவும் கூடாது. நம் நீர் மட்டுமே கூடும். ஆகவே, ஆட்கள் குறைவாக இருந்தால் மழைதான் துணை. ஆனால், மழைக்கும் ஒரு விலை இருக்கிறது. வென்றபின் பிடிக்கக் கிடைக்கும் குரௌடான் சாதாரண வானிலையில் இருபதாம் நிலையில் இருக்கும். வெயில் அடித்தால் இருபத்தைந்தாம் நிலையில் கிடைக்கும். மழையில் போர் எளிது, பரிசு சிறிது. வெயிலில் போர் கடினம், பரிசு பெரிது. இருபது பேர் கூடியிருந்தால் வெயிலுக்குக் காத்திருக்கலாம். நான்கு பேருக்கு அந்த வசதி இல்லை.

ஐந்தடியில் நிற்கும் நால்வருக்கும் இன்னும் பன்னிரண்டு நிமிடம் இருக்கிறது. விளையாட்டின் வானிலை மணிக்கொரு முறை மாறக்கூடியது; அடுத்த மணி அடிக்க எட்டு நிமிடம். கூரையிலிருந்து நீர் இன்னும் கொட்டிக்கொண்டுதான் இருக்கிறது. “சாப்டோஸை எடுத்துவிட்டாயா?” என்று ஒருவன் கேட்கிறான். “எடுத்துவிட்டேன்,” என்கிறான் மற்றவன். காத்திருப்பு அறையின் கடிகாரம் 120இலிருந்து இறங்கத் தொடங்குகிறது.