எட்டுப் பேரை இழந்து தொடங்கிய அணி! - புதுச்சேரியின் முதல் ரஞ்சி சீசன்

வில்லியனூர் கொம்யூனில் ஊசுட்டேரிக்குப் பக்கத்தில் இருக்கிற ஊர் துத்திப்பட்டு. தொழிற்சாலைகளும் வயல்களும் கலந்த இந்தக் கிராமத்தின் பெயர் கடந்த சில வருடங்களாக இந்தியா முழுக்க ஸ்கோர்கார்டுகளில் வருகிறது. புதுச்சேரி கிரிக்கெட் சங்கத்தின் சீகெம் மைதானம் இங்கேதான் இருக்கிறது. புதுச்சேரியில் ரஞ்சி கோப்பை ஆட்டம் என்றால் இந்த மைதானம்தான்!

இந்த இடத்துக்கு வர புதுச்சேரி ரொம்பவே காத்திருக்க வேண்டியிருந்தது. ரஞ்சி கோப்பை தொடங்கியது 1934-ல். புதுச்சேரிக்கு அதில் இடம் கிடைத்ததோ 2018-ல். அந்த சீசனில் பீகார், உத்தரகாண்ட், சிக்கிம், வடகிழக்கு மாநிலங்கள் என ஒன்பது அணிகளைச் சேர்த்து, 'பிளேட்' என்ற தனிப் பிரிவில் விட்டது இந்திய கிரிக்கெட் வாரியம். மொத்தம் 37 அணிகள். பிளேட் பிரிவில் முதலிடம் பிடிக்கும் ஒரே ஒரு அணிக்குத்தான் காலிறுதி வாய்ப்பு.

முதல் நாளே இடி!

புது அணிகள் வெளிமாநில வீரர்கள் மூன்று பேர் வரை சேர்த்துக்கொள்ளலாம். புதுச்சேரி நல்ல கைகளாகவே பிடித்தது. இமாச்சலப் பிரதேசத்துக்காக ரன்களைக் குவித்த பாரஸ் டோக்ரா, மும்பை ஆல்ரவுண்டர் அபிஷேக் நாயர், 2014-ல் இங்கிலாந்தில் டெஸ்ட் ஆடிய வேகப்பந்து வீச்சாளர் பங்கஜ் சிங் ஆகியோர் வந்து சேர்ந்தார்கள்.

சிக்கல் அவர்களால் வரவில்லை. 'உள்ளூர் வீரர்கள்' என்று பதிவு செய்யப்பட்டவர்களால் வந்தது. ஒரு மாநிலத்துக்காக ஆட அங்கே பிறந்திருக்க வேண்டும். இல்லையென்றால் குறிப்பிட்ட காலம் அங்கே படித்தோ, வேலை பார்த்தோ இருக்க வேண்டும். இந்த விதிக்குள் வரவில்லை என்று எட்டு வீரர்களின் பதிவை வாரியம் ரத்து செய்தது. அதுவும் எப்போது? 2018 செப்டம்பரில், விஜய் ஹசாரே ஒருநாள் போட்டித் தொடர் தொடங்கிய நேரத்தில்!

பதினோரு பேர் ஆடும் ஆட்டத்தில் எட்டுப் பேர் போனால் என்ன மிஞ்சும்? பந்தியில் உட்கார்ந்த பிறகு இலையை எடுத்த கதைதான். அணியை அவசரமாகத் திரட்டி, மிச்ச ஆட்டங்களை ஆட வேண்டியதாயிற்று.

மூன்றாம் இடம்

நவம்பர் 1-ம் தேதி ரஞ்சி சீசன் ஆரம்பமானது. ஒவ்வோர் ஆட்டமும் நான்கு நாள். வெற்றிக்கு 6 புள்ளிகள், இன்னிங்ஸ் வெற்றி என்றால் கூடுதலாக ஒன்று. டிரா ஆனால் முதல் இன்னிங்ஸில் முந்திய அணிக்கு 3, மற்ற அணிக்கு 1. வடகிழக்குப் பருவமழை கொட்டுகிற மாதத்தில் புதுச்சேரியில் நான்கு நாள் ஆட்டம் நடத்துவது எவ்வளவு கஷ்டம் என்று சொல்லவே வேண்டாம்.

அந்த சீசனின் நாயகன் டோக்ரா. சிக்கிமுக்கு எதிராக 253 ரன்கள் விளாசினார். புதுச்சேரி எட்டு ஆட்டங்களில் நான்கை வென்று, உத்தரகாண்ட், பீகாருக்கு அடுத்து மூன்றாம் இடம் பிடித்தது. காலிறுதிக்குப் போனது உத்தரகாண்ட். எட்டுப் பேரை இழந்து தொடங்கிய அணிக்கு இது மோசமான கணக்கில்லை.

பிறகு வந்த வருடங்களில் பெரிய தலைகளும் சரிந்தன. 2021 ஜனவரியில் சையது முஷ்டாக் அலி டி20 தொடரில் மும்பையை 94 ரன்னில் சுருட்டி வென்றது புதுச்சேரி. அன்று ஐந்து விக்கெட் எடுத்த சாந்தமூர்த்திக்கு வயது 41! 2021-22-ல் எலைட் பிரிவில் இடம். 2023 ஜனவரியில் துத்திப்பட்டு வந்த கேரளா, முதல் இன்னிங்ஸில் பின்தங்கி டிராவோடு திரும்பியது. 2024 ஜனவரியில் டெல்லியை அதன் சொந்த மண்ணிலேயே 9 விக்கெட் வித்தியாசத்தில் தோற்கடித்தது.

நம்ம ஊர்ப் பையன் எங்கே?

வெற்றிகள் ஒருபுறம். முதல் சீசனில் எழுந்த 'யார் உள்ளூர்?' என்ற கேள்வி மட்டும் இன்னும் அடங்கவில்லை. வில்லியனூரிலும் பாகூரிலும் அறுவடை முடிந்த வயலில் டென்னிஸ் பந்தோடு திரியும் பையன்களுக்கு, சில கிலோமீட்டர் தூரத்தில் இருக்கும் ரஞ்சி மைதானம் எட்டுகிறதா என்பதுதான் அது.

டென்னிஸ் பந்திலிருந்து தோல் பந்துக்கு மாறுவதே முதல் தடை. பேட், பேட், கிளவுஸ், ஹெல்மெட் என்று செலவு ஏறும். பாகூரோ தெற்குக் கோடியில், துத்திப்பட்டு வடமேற்கில். பள்ளிக்கூடம் முடிந்து பயிற்சிக்குப் போய் வருவதற்குள் இருட்டிவிடும். நடவு, அறுவடை என்று வேலை இருக்கும் வீடுகளில் தினமும் பையனைக் கூட்டிப்போக ஆள் கிடைப்பதும் கஷ்டம்.

ஆனால், ஏணி இருக்கிறது. 16 வயதுக்குட்பட்டோருக்கு விஜய் மெர்ச்சன்ட் கோப்பை, 19-க்கு கூச் பெஹார், 23-க்கு சி.கே.நாயுடு கோப்பை என்று படிப்படியாக ஏறலாம். பெண்களுக்கும் தனி அணிகள் உண்டு. 2021-ல் வாரியம் உயர்த்திய சம்பளப்படி, ரஞ்சிக்குப் புதிதாக வரும் வீரருக்கே ஒரு நாளைக்கு 40,000 ரூபாய். 19 வயதுக்குட்பட்டோருக்கு 20,000 ரூபாய். ஒரு விவசாயக் குடும்பத்தையே தூக்கிவிடும் தொகை இது.

பெற்றோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பிறப்புச் சான்றிதழ், பள்ளிச் சான்றிதழ், ஆதார் மூன்றிலும் பெயரும் தேதியும் ஒன்றாக இருக்கட்டும். 16 வயதுப் பிரிவில் எலும்பு எக்ஸ்ரே எடுத்தும் வயதைச் சரிபார்ப்பார்கள். திறமை இருந்தும் தாளில் தோற்றுவிடக்கூடாது.

வெளியிலிருந்து மூன்று பேரைக் கூட்டிவர ஒரு கையெழுத்து போதும். மிச்ச எட்டுப் பேர் நம் கிராமங்களிலிருந்து வளர்ந்துதான் வரவேண்டும். அந்த எட்டு இடங்களும் பாகூர், வில்லியனூர் பிள்ளைகளால் நிரம்பும் நாளில்தான் 2018-ல் தொடங்கிய சீசன் முழுமையாகும்.