எப். ஜி. நடேச ஐயர்: திருச்சிராப்பள்ளிப் பயில்முறை அரங்கிலிருந்து தமிழ்த் திரைக்கு

முன்னுரை

'அரங்கம்' என்னும் சொல் ஆற்றிடைக்குறையையும் ஆடுகளத்தையும் ஒருங்கே சுட்டும். திருவரங்கத்தில் அரையர் சேவை வழிவழியாக நிகழ்கிறது. காவிரியின் தென்கரையில் உள்ள திருச்சிராப்பள்ளியோ இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நாடகக் களமாகவும் விளங்கியது. அந்நகரின் நாடகக் கலைஞர் எப். ஜி. நடேச ஐயர் (1880–1963), எம். கே. தியாகராஜ பாகவதரை மேடையேற்றியவர் என்ற ஒரு குறிப்போடு தமிழ்த் திரை வரலாற்றில் பெரும்பாலும் கடந்து செல்லப்படுகிறார். அவரைக் குணச்சித்திர நடிகர் என்னும் நிலையில் வைத்து மதிப்பிடுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

இரயில்வே நகரும் இரசிக ரஞ்சனி சபாவும்

திருச்சிராப்பள்ளி தென்னிந்திய இரயில்வேயின் தலைமையிடமாக இருந்தது. நடேச ஐயர் அந்நிறுவனத்தின் அலுவலர். நகராட்சித் தலைவர் பொறுப்பும் வகித்தவர். 1914இல் அவர் இரசிக ரஞ்சனி சபாவை நிறுவினார்.

அக்காலத் தமிழ் நாடகம் இருவகையாக இயங்கியது. ஒன்று, சிறுவர்களைப் பயிற்றி ஊர் ஊராகச் சென்ற தொழில்முறைக் குழு. சங்கரதாச சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபா இதற்குச் சான்று. மற்றொன்று, வேறு தொழிலில் இருந்தோர் கலையார்வத்தால் நடித்த பயில்முறைக் குழு. பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் சென்னையில் அமைத்த சுகுண விலாச சபா இதன் முன்னோடி. இரசிக ரஞ்சனி சபா இரண்டாம் வகையைச் சார்ந்தது.

1910இல் மாயவரத்தில் பிறந்து திருச்சியில் வளர்ந்த பாகவதரின் குரலைக் கேட்ட நடேச ஐயர், தந்தையாரின் இசைவு பெற்று, 'அரிச்சந்திரா' நாடகத்தில் லோகிதாசனாக அவரை நடிக்க வைத்தார். அப்போது பாகவதருக்கு ஏறத்தாழப் பத்து வயது.

'சேவாசதன'மும் ஈசுவர ஐயரும்

1934இல் கே. சுப்பிரமணியம் இயக்கிய 'பவளக்கொடி' வழியாகப் பாகவதர் திரைக்கு வந்தார். நான்கு ஆண்டுகளுக்குப் பின் அதே இயக்குநரின் 'சேவாசதனம்' (1938) படத்தில் நடேச ஐயர் தோன்றினார். பிரேம்சந்தின் புதினத்தைத் தழுவிய அப்படமே எம். எஸ். சுப்புலட்சுமியின் முதல் திரைப்படம். அவர் ஏற்ற சுமதி, வயது முதிர்ந்த ஈசுவர ஐயருக்கு மணம் முடிக்கப்பட்டு, அவருடைய ஐயத்துக்கு ஆளாகி வீட்டைவிட்டு வெளியேற்றப்படுகிறாள். அக்கணவர் வேடமே நடேச ஐயருடையது.

சுமதி துன்புறுகிறாள்; துன்புறுத்துபவன் கணவன். எனினும் அவனை வெறும் கொடியவனாக நிறுத்தினால், பொருந்தா மணம் ஒரு தனிமனிதனின் குற்றமாகச் சுருங்கிவிடும். அதற்குச் சமூகம் அளித்த ஒப்புதல் மறைந்துபோகும். ஆகவே முதியவரின் மன வேதனையும் வெளிப்பட்டாக வேண்டும். இச்சுமை முழுவதும் குணச்சித்திர நடிகர்மேல் விழுகிறது. தம் தவற்றை உணர்ந்த ஈசுவர ஐயர் இறுதிக் காட்சியில் பூணூலைக் கழற்றி எறிகிறார். முதியவர் வேடத்தில் நடேச ஐயரின் நடிப்பு மிகச் சிறந்திருந்ததெனப் பொதுவுடைமை இயக்கத் தலைவர் என். சங்கரய்யா பிற்காலத்தில் நினைவுகூர்ந்துள்ளார்.

இக்காட்சியின் வலிமைக்கு நடிகரின் சமூக நிலையும் துணைசெய்தது எனக் கருதலாம். பிறப்பால் அந்தணராகவும் பதவியால் நகரப் பெரியவராகவும் இருந்த ஐம்பத்தெட்டு வயதினர் ஒருவரே பூணூலைக் கழற்றும்போது, அச்செயல் கதைமாந்தருடையதாக மட்டும் நின்றுவிடுவதில்லை. அன்றைய திரையில் நாயகருக்கு இசைத்திறன் இன்றியமையாததாக இருந்தது. ஈசுவர ஐயர் பாத்திரமோ வயதையும் தோற்றத்தையும் உணர்ச்சியையும் வேண்டிநின்றது. அதற்குரிய நடிகரைப் பயில்முறை அரங்கு அளித்தது.

முடிவுரை

தமிழ்ப் பேசும்படத்தின் நடிப்பு மரபைப் பாய்ஸ் கம்பெனிகளிலிருந்து மட்டுமே வருவிப்பது போதாது என்பதை நடேச ஐயரின் வாழ்வு காட்டுகிறது. ஒரே சபா, பாட்டால் புகழ்பெற்ற நாயகரையும் பாட்டைச் சாராத குணச்சித்திர நடிகரையும் திரைக்கு வழங்கியது. முன்னவரின் வரலாற்றில் அடிக்குறிப்பாக நிற்கும் பின்னவர், சமூகத் திரைப்பட நடிப்பின் தொடக்கத்தில் தனித்து வைத்து எண்ணத்தக்கவர். மாவட்டத் தலைநகரங்களில் இயங்கிய பிற சபாக்களையும் இந்நோக்கில் ஆராய்தல் வேண்டும்.