பைப்புக்குள் வயர் இழுக்கும் கருவிகள்: விற்பவரும் வாங்குபவரும் அறிய வேண்டியவை

கடையானாலும் கிடங்கானாலும் மின்சார வயர் இன்று பெரும்பாலும் சுவரில் பதித்த கண்டியூட் பைப் வழியாகத்தான் செல்கிறது. ஐ.எஸ்.ஐ. முத்திரை பார்த்து, விலை கொடுத்து நல்ல வயர் வாங்குகிறோம். ஆனால் அந்த வயர் பைப்புக்குள் போகும்போது என்ன பாடுபடுகிறது என்பதை யாரும் பார்ப்பதில்லை. முரட்டுத்தனமாக இழுத்தால், முத்திரை பெற்ற வயரும் முதல் நாளே பழுதாகிவிடும்.

சாதாரண விளக்கு வயரின் பி.வி.சி. உறை ஒரு மில்லிமீட்டர் தடிமன்கூட இருக்காது. பைப்பின் கூரான விளிம்பிலோ வளைவிலோ உரசினால் அது சீவப்பட்டுவிடும். அன்று விளக்கு எரியும், குறை தெரியாது. மழைக்காலத்தில் சுவர் ஈரம் பைப்பில் இறங்கும்போது கசிவு தொடங்கும். எம்.சி.பி. அதிக மின்னோட்டத்துக்குத்தான் விழும். சிறு கசிவுக்கு விழாது. கசிவைக் கண்டு இணைப்பைத் துண்டிக்க 30 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி. போன்ற கருவி வேண்டும். உறை போன இரண்டு வயர்கள் அருகருகே இருந்தால் தீப்பொறி கிளம்பும். துணியும் அட்டைப் பெட்டியும் அடுக்கிய கடையில் அதன் விளைவைச் சொல்ல வேண்டியதில்லை.

எந்தக் கருவி எதற்கு?

1. ஜி.ஐ. கம்பி: மலிவு என்பதால் பலரும் இதையே பயன்படுத்துகிறார்கள். இதன் வெட்டிய முனை, ஏற்கெனவே பைப்பில் உள்ள வயரைக் கிழிக்கும். பழைய லைனில் இதைத் தவிர்ப்பது நல்லது.

2. ஸ்டீல் ஸ்பிரிங்: தட்டையான எஃகுப் பட்டை. விறைப்பானது, நீளமான, நேரான, காலியான பைப்புக்கு ஏற்றது. ஆனால் இது மின்சாரத்தைக் கடத்தும். ஒருவர் இங்கே தள்ள, மறுமுனை மெயின் போர்டுக்குள் வெளிப்பட்டு, கரன்ட் உள்ள இடத்தைத் தொட்டால் உயிருக்கே ஆபத்து.

3. நைலான் ஸ்பிரிங்: வளைந்து கொடுக்கும். வீட்டு, கடை வேலைகளுக்குப் பெரும்பாலும் இதுவே போதும். முனையில் வளையும் தலையும், வயரை மாட்டும் கண்ணும் உறுதியாக உள்ளனவா என்று பார்த்து வாங்க வேண்டும்.

4. ஃபைபர் கிளாஸ் ராடு: சக்கரத்தில் சுற்றி வரும். கிடங்கு, தொழிற்கூடம் போன்ற நீண்ட லைன்களுக்கு உரியது. மேற்பூச்சு தேய்ந்தால் நுண்ணிய சிம்பு கையில் ஏறும், கையுறை அவசியம்.

நைலானோ ஃபைபரோ எதுவானாலும் மெயினை அணைத்து, டெஸ்டரால் பார்த்த பிறகே வேலை தொடங்க வேண்டும்.

இழுக்கும் முறை

பைப்பை அறுத்த விளிம்பை முதலில் மழுக்க வேண்டும்; இரும்புப் பைப்பானால் புஷ் போட வேண்டும். ஒரு பைப்பில் செல்லும் வயர்கள் அனைத்தையும் சேர்த்து ஒரே தடவையில் இழுப்பது முறை. ஒவ்வொன்றாக இழுத்தால் பின்னால் வருவது முன்னால் போனதை அறுக்கும். முனைகளை ஒரே இடத்தில் முடிச்சிடாமல், ஒன்றன்பின் ஒன்றாகத் தள்ளிக் கட்டி, மேலே டேப் வழவழப்பாகச் சுற்ற வேண்டும். ஒருவர் இழுக்க, இன்னொருவர் காயிலைச் சுழற்றி முறுக்கு விழாமல் வயரை ஊட்ட வேண்டும். சிக்கினால் பலம் காட்டக் கூடாது. செம்பு நீண்டு மெலிந்துவிடும். பின்னே வாங்கிக் காரணத்தைப் பார்க்க வேண்டும்.

வழுக்கலுக்கு, இதற்கென்றே தயாராகும் நீர் கலந்த ஜெல்லையோ பிரெஞ்சு சாக் பவுடரையோ பயன்படுத்தலாம். கிரீஸும் இன்ஜின் ஆயிலும் உறையைக் கெடுக்கும். பைப்பின் உள்ளிடத்தில் 40 சதவீதத்துக்கு மேல் வயர் நிரம்பாமல் பார்த்துக்கொள்வது வேலையையும் எளிதாக்கும்; சூடும் தங்காது. வளைவுகள் அதிகமானால் நடுவில் ஒரு ஜங்ஷன் பாக்ஸ் வைத்துவிடலாம்.

வேலை முடிந்ததும், இணைப்புக் கொடுக்கும் முன் 500 வோல்ட் மெக்கரால் சோதிக்கச் சொல்லுங்கள். ஒரு மெகாஓம்முக்குக் குறைந்தால் அந்த லைனை ஏற்க வேண்டாம். புதிய வயருக்கு அதைவிட மிக அதிகமாகவே காட்ட வேண்டும்.

எலெக்ட்ரிக்கல் கடை உறுப்பினர்களுக்கு

வயர் காயில் கேட்டு வருபவரிடம் மூன்று கேள்விகள் கேளுங்கள்: பைப் எத்தனை மீட்டர்? எத்தனை வளைவு? உள்ளே ஏற்கெனவே வயர் உண்டா? பதிலைக் கொண்டே பொருத்தமான ஸ்பிரிங்கை எடுத்துக் கொடுக்கலாம். எப்போதோ ஒருமுறை தேவைப்படும் நீளமான ஃபைபர் ராடை வாடகைக்கு விடுவதும் நல்ல யோசனை. வாடிக்கையாளருக்குச் செலவு குறையும்; அடுத்த காயிலும் நம் கடைக்கே வரும். சுவருக்குள் மறையும் வேலைக்குச் சரியான கருவியை எடுத்துக் கொடுப்பவரே நம்பிக்கையான வியாபாரி.