பாட்டு எதிர்ப்புக் குரலான கதை

நமது படுவான்கரை வயல்களில் சூடு மிதிக்கும்போது பாடப்பட்ட பொலிப்பாட்டை நாட்டார் பாடல்களில் படித்திருப்பீர்கள். அது தொழிற்பாடல், வேலையின் களைப்பைப் போக்குவது. ஆனால் பாட்டு, ஓர் இனத்துக்கு இழைக்கப்படும் அநீதியை எதிர்க்கும் கருவியாகவும் அமையும். இதற்கு உதாரணம் தேடி அமெரிக்காவுக்குப் போக வேண்டியதில்லை. மலையகத்திலேயே இருக்கிறது.

1930களில் தோட்டத் தொழிலாளரில் பெரும்பாலானோருக்கு எழுத வாசிக்கத் தெரியாது. வெளியார் தோட்டத்துக்குள் நுழைந்தால் அத்துமீறல் வழக்கு. தொழிற்சங்க முன்னோடி கோ. நடேசய்யர் புடவை வியாபாரி வேடத்தில் உள்ளே சென்றவர். அவர் ‘தேசபக்தன்’ பத்திரிகையையும் நடத்தினார். ஆனால் வாசிக்கத் தெரியாதவருக்குப் பத்திரிகை எப்படிப் போய்ச் சேரும்? இங்கேதான் அவரது மனைவி மீனாட்சியம்மாளின் பணி முக்கியமாகிறது. அவர் கூட்டங்களில் பாரதியார் பாடல்களையும் தாமே இயற்றிய பாடல்களையும் பாடினார். துண்டுப்பிரசுரத்தைக் கங்காணி பறித்துவிடலாம். மனதில் பதிந்த பாட்டை என்ன செய்வது? அது லயத்துக்கு லயம் போய்விடும்.

1939இல், அரசாங்கத் திணைக்களங்களில் நாட்கூலிக்கு வேலைசெய்த இந்தியரை நீக்க முடிவாயிற்று. அவர்கள் வேலையில் குறை எதுவும் சொல்லப்படவில்லை. இந்தியர் என்பதே காரணம். மறு ஆண்டு, 1940இல், மீனாட்சியம்மாள் தமது பாடல்களை ‘இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை’ என்னும் சிறு நூலாக வெளியிட்டார். தலைப்பைக் கவனியுங்கள். பாட்டுப் புத்தகத்துக்கு வைக்கும் பெயரா அது? ஓர் அரசியல் அறிக்கையின் பெயர் போலவே இருக்கிறது.

இதே வழியைப் பின்னர் அமெரிக்கக் கறுப்பின மக்களும் கையாண்டனர். 1955இல் மொன்ட்கொமரி நகரில் பஸ் பகிஷ்கரிப்புத் தொடங்கியபோது, தேவாலயக் கூட்டங்களில் பழகிய பக்திப்பாடல்களையே போராட்டப் பாடல்களாகப் பாடினர்.

ஒரு எச்சரிக்கை. “1948 பிரசாவுரிமைச் சட்டத்தின் பின்னரே எதிர்ப்புத் தோன்றியது” என்று பல மாணவர்கள் விடைத்தாளில் எழுதுகிறார்கள். அது பிழை. இலட்சக்கணக்கானோரை நாடற்றவராக்கிய அச்சட்டத்துக்கு எட்டு ஆண்டுகள் முன்பே அந்தப் பாட்டுப் புத்தகம் வந்துவிட்டது. எஞ்சியிருந்த நாடற்றோருக்குப் பிரசாவுரிமை வழங்கும் சட்டம் வந்தது 2003இல்தான். 1977 வன்செயலின் பின் மலையகத்திலிருந்து மட்டக்களப்பில் வந்து குடியேறிய குடும்பங்களின் பிள்ளைகளும் உங்களுள் இருக்கலாம். அவர்கள் இந்த ஆண்டுகளை மனனம் செய்யத் தேவையில்லை. வீட்டில் தாத்தா, பாட்டியிடம் கேட்டாலே போதும்.